எபேசு, மாதா வீடு ஒருநாள் தனிப் பயணம்: வழிகாட்டி வரவில்லை, பணத்தைத் திருப்பித் தாருங்கள்

வாடிக்கையாளர் சேவைப் பிரிவுக்கு,

வணக்கம். என் முதல் மின்னஞ்சலுக்கு நீங்கள் அனுப்பிய பதில் கிடைத்தது. "பயணத் திட்டத்தில் உள்ள எல்லா இடங்களுக்கும் அழைத்துச் செல்லப்பட்டீர்கள், ஆகவே பணம் திருப்பித் தர வழியில்லை" என்று எழுதியிருக்கிறீர்கள். அது உண்மை இல்லை. அன்றைக்கு என்ன நடந்தது என்று நீங்கள் யாரிடமும் விசாரித்த மாதிரியும் தெரியவில்லை, அதனால் இந்த முறை விவரமாகவே எழுதுகிறேன். தயவுசெய்து முழுசாகப் படியுங்கள்.

நாங்கள் பதிவு செய்தது துருக்கியில் குசாதாசி ஓட்டலிலிருந்து கிளம்பி, எபேசு என்ற பழங்கால நகரத்தின் இடிபாடுகளையும், மாதா கடைசிக் காலத்தில் வாழ்ந்ததாக நம்பப்படும் மலைமேல் இருக்கும் மாதா வீட்டையும் பார்த்துவிட்டு மாலையில் திரும்பும் பிரைவேட் டூர். உரிமம் பெற்ற ஆங்கில வழிகாட்டி நாள் முழுவதும் கூட இருப்பார், உங்கள் வேகத்தில் பார்க்கலாம், கடைகளில் நிறுத்த மாட்டோம் என்று உங்கள் விளம்பரத்தில் தெளிவாக இருந்தது. அதை நம்பித்தான் பணம் கட்டினேன். கூட்டத்தோடு போகும் பஸ் டூர் இதில் பாதி விலைக்குக் கிடைத்தது. அம்மாவுக்கு முட்டிவலி, பெரியம்மாவுக்கு அம்மாவைவிட வயசு அதிகம், கொடியைத் தூக்கிக்கொண்டு முன்னால் ஓடும் ஆளின் பின்னால் அவர்களால் ஓட முடியாது என்பதால்தான் தனி வண்டி, தனி வழிகாட்டி.

அம்மாவுக்கு அந்த இடம் ஏன் முக்கியம் என்பதையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் பதிவு செய்யும்போது உங்கள் சென்னை அலுவலகத்தில் இருந்தவரிடம் இதை நான் சொல்லியிருந்தேன். எங்களுக்குத் தூத்துக்குடி. அம்மா வளர்ந்ததே பனிமய மாதா கோயிலைச் சுற்றித்தான். ஆகஸ்ட் 5-ஆம் தேதி நாங்கள் கொண்டாடும் அந்தத் திருவிழா ரோமில் உள்ள புனித மரியா பெருங்கோயில் நேர்ந்தளிக்கப்பட்ட நாள். அந்தக் கோயிலை எழுப்பியவர் பாப்பரசர் மூன்றாம் சிக்ஸ்துஸ், அதுவும் 431-இல் எபேசில் கூடிய திருச்சபைப் பொதுச்சங்கம் மரியாளை இறைவனின் தாய் என்று உறுதிசெய்த கையோடு. அந்தச் சங்கம் கூடிய மரியன்னை ஆலயத்தின் இடிபாடு எபேசு வளாகத்துக்குள்ளேயே இன்றும் இருக்கிறது. பங்குச் சாமியார் பிரசங்கத்தில் சொன்னதிலிருந்து அம்மா அதையே பேசிக்கொண்டிருந்தார். உங்கள் பயணத் திட்டத்திலும் அந்த ஆலயம் பெயர் போட்டு இருந்தது. இணைப்பில் அதன் படத்தை வைத்திருக்கிறேன், மஞ்சளில் கோடிட்ட வரியைப் பாருங்கள்.

சரி, நடந்ததுக்கு வருகிறேன்.

காலையில் ஓட்டுநர் மட்டும் வந்தார். வழிகாட்டி எபேசு வாசலில் காத்திருப்பார் என்றார். வாசலில் யாரும் இல்லை. உங்கள் அவசர எண்ணைக் கூப்பிட்டபோது வழிகாட்டிக்கு உடம்பு சரியில்லை, ஓட்டுநரே எல்லாம் விளக்குவார் என்று பதில் வந்தது. அவர் எப்படி விளக்குவார்? அவருக்குப் பத்துப் பன்னிரண்டு ஆங்கில வார்த்தைகள் தெரியும், அவ்வளவுதான். அதோடு துருக்கியில் உரிமம் இல்லாதவர் வழிகாட்டி வேலை செய்யச் சட்டமே இடம் தராது. உரிமம் உள்ளவர்கள் அடையாள அட்டையைக் கழுத்தில் மாட்டிக்கொண்டுதான் உள்ளே நிற்கிறார்கள். அதனால் அவர் டிக்கெட்டுகளைக் கையில் கொடுத்துவிட்டு வாசலிலேயே நின்றுவிட்டார். நல்ல மனிதர், நிதானமாக வண்டி ஓட்டினார், பெரியம்மாவைக் கைபிடித்து இறக்கிவிட்டார். அவர்மேல் எனக்கு எந்தக் குறையும் இல்லை, இந்தக் கடிதத்தைக் காட்டி அவர் பிழைப்பில் கை வைத்துவிடாதீர்கள்.

இன்னொன்று, அவர் எங்களை இறக்கிவிட்டது கீழ் வாசலில். எபேசுக்கு இரண்டு வாசல். மேல் வாசலில் இறக்கிவிட்டால் ஓடியோன் என்ற சின்ன அரங்கம், ஹெர்குலிஸ் வாசல், குரேத்தஸ் தெரு, ஹேட்ரியன் கோயில் என்று எல்லாமே இறக்கத்தில் வரும், செல்சஸ் நூலகம், பெரிய அரங்கம் பார்த்துவிட்டுக் கீழ் வாசலில் காத்திருக்கும் வண்டியில் ஏறிக்கொள்ளலாம். அங்கே வருகிற ஏறக்குறைய எல்லா வண்டிகளும் அப்படித்தான் செய்கின்றன, நாங்கள் மூச்சு வாங்கிக்கொண்டு ஏறியபோது எதிரே இறங்கி வந்த கூட்டத்தைப் பார்த்துத்தான் எனக்கே இது புரிந்தது. மேலே இறக்கிவிடச் சொல்லி ஓட்டுநருக்கு உங்களிடமிருந்து தகவலே போகவில்லை. ஆயிரக்கணக்கான வருஷம் ஆட்கள் நடந்து நடந்து வழவழப்பான பளிங்குக் கல், அதில் முட்டிவலிக்காரர் ஒருவர் வெயிலில் மேடு ஏறி, பிறகு அதே வழியாகத் திரும்பவும் இறங்கி வர வேண்டும். நூலகத்தைத் தாண்டிக் கொஞ்ச தூரத்திலேயே அம்மா ஒரு கல்லில் உட்கார்ந்துவிட்டார். அதற்கு மேல் அவர் எதையும் பார்க்கவில்லை.

பார்த்த இடங்களிலும் என்ன பார்த்தோம் என்று தெரியாமலே நின்றோம். பெரிய அரங்கத்தின் முன்னால் அம்மா, "சின்னப்பருக்கு எதிராகக் கூச்சல் போட்டாங்களே, அது இங்கேயா?" என்று கேட்டார். பைபிளில் அப்போஸ்தலர் பணி 19-ஆம் அதிகாரம், அர்த்தமி தேவதையின் கோயிலை வைத்து வெள்ளி வேலை செய்தவர்கள், சின்னப்பர் அதாவது புனித பவுலின் பிரசங்கத்தால் பிழைப்பு போகுதே என்று கிளப்பிய கலகம், இரண்டு மணி நேரம் கத்தினார்கள் என்று வருமே, அதேதான், அதே அரங்கம்தான். ஆனால் ஆமாம் என்று சொல்ல அங்கே எங்களோடு ஆள் இல்லை. துறைமுகத் தெரு என்று பலகை இருந்தது, அதன் கடைசியில் பார்த்தால் புல்லும் புதரும்தான். தூத்துக்குடிக்காரர் இல்லையா, பெரியம்மா உடனே "துறைமுகம்னா கடல் எங்க?" என்றார். ஆறு கொண்டுவந்த வண்டல் நூற்றாண்டுக் கணக்கில் துறைமுகத்தைத் தூர்த்துவிட்டது, கடல் சில கிலோமீட்டர் தள்ளிப் போய்விட்டது, ஊர் கைவிடப்பட்டதற்கே அது ஒரு காரணம் என்று ராத்திரி ஓட்டலில் உட்கார்ந்து நானே தேடிப் படித்துச் சொன்னேன். செல்சஸ் நூலகத்துக்கு அடியில் ரோமானிய ஆளுநரான அந்த செல்சஸையே புதைத்திருக்கிறார்கள், முகப்பில் இருக்கும் நான்கு பெண் சிலைகள் நகல்கள், அசல் வியன்னாவில் இருக்கிறது, இதெல்லாமும் அப்படித்தான் தெரிந்தது. இதை அந்த இடத்தில் நின்று கேட்பதற்குத்தானே உங்களுக்குப் பணம் கொடுத்தோம்.

மரியன்னை ஆலயத்துக்கு வருகிறேன், எனக்கு ஆற்றாமை அதிகம் இதில்தான். "அது எபேசு வளாகத்துக்குள் அடங்கும், நீங்கள்தான் சென்று பார்க்கவில்லை" என்று உங்கள் பதிலில் ஒரு வரி இருக்கிறது. அந்த ஆலயம் எல்லாரும் நடக்கிற பெரிய வழியில் இல்லை. கீழ் வாசல் பக்கமாகப் பிரிந்து போகும் ஒரு பாதையில் இருக்கிறது, பெரும்பாலான கூட்டம் அந்தப் பக்கம் திரும்புவதே இல்லை. அதாவது நாங்கள் வண்டியை விட்டு இறங்கிய இடத்திலிருந்து அதிக தூரமே இல்லை! முட்டி நோகாமல் காலையிலேயே முதலில் அங்கே போயிருக்கலாம். எங்களுக்கு அது தெரிந்தது, திரும்பும்போது அரங்கத்தின் பக்கத்தில் வேறொரு குழுவின் வழிகாட்டி தன் ஆட்களுக்குக் கைகாட்டிச் சொன்னதை நான் காதில் வாங்கியபோது. அந்த நேரம் பார்த்து ஓட்டுநர் விடாமல் போனில் கூப்பிட்டுக்கொண்டிருந்தார், கிளம்பியாக வேண்டும், உங்கள் ஆட்கள் அவரை நெருக்குகிறார்கள் என்று.

எதற்கு அந்த நெருக்கல்? கம்பளக் கடைக்கு. கடையில் நிறுத்த மாட்டோம் என்று எழுதிக் கொடுத்துவிட்டு, எபேசுக்குப் பக்கத்து ஊரான செல்சுக் பக்கம் ஒரு கம்பளக் கடை வாசலில் வண்டி நின்றது. பட்டுக் கூட்டைக் கொதிநீரில் போட்டு நூல் எடுத்துக் காட்டினார்கள், ஆப்பிள் டீ கொடுத்தார்கள், ஒவ்வொரு கம்பளமாக விரித்துப் போட்டுக்கொண்டே போனார்கள். வேலைப்பாடு அருமைதான், அதை நான் மறுக்கவில்லை. ஆனால் ஓட்டுநருக்கு அங்கே இவ்வளவு நேரம் இருந்தாக வேண்டும் என்று உத்தரவு, அதற்குள் கிளம்ப முடியாது என்று அவரே சங்கடத்தோடு சொன்னார். ஒரு மணி நேரத்துக்கும் மேல் அங்கே போனது. மதியச் சாப்பாடும் அதனால் தள்ளிப்போனது. அர்த்தமி கோயிலில், உலகின் ஏழு அதிசயங்களில் ஒன்றாக இருந்து இப்போது ஒற்றைத் தூண் மட்டும் நிற்கிற அந்த இடத்தில், இறங்கக்கூட இல்லை, வண்டி ஜன்னல் வழியாகத்தான் பார்த்தோம்.

கடைசியில் மாதா வீட்டுக்கு எங்களுக்குக் கிடைத்தது அரை மணி நேரத்துக்கும் குறைவு. அந்த இடத்தைப் பற்றி உங்கள் அலுவலகத்தில் யாருக்காவது தெரியுமா என்று எனக்குச் சந்தேகம் வந்துவிட்டது. ஜெர்மனியில் படுத்த படுக்கையாகக் கிடந்த அன்ன கத்தரீனா எம்மெரிக் என்ற கன்னியாஸ்திரி தன் காட்சிகளில் கண்டதாகச் சொன்ன குறிப்புகளை வைத்து, 1881-இல் ஒரு பிரெஞ்சுக் குருவும், அவர் பேச்சை யாரும் எடுக்காததால் 1891-இல் இஸ்மிர் நகரத்திலிருந்து வந்த லாசரிஸ்ட் சபைக் குருக்களும் தேடிக் கண்டுபிடித்த சின்னக் கல்வீடு அது. மாதா கடைசிக் காலத்தில் அங்கேதான் வாழ்ந்தார் என்று திருச்சபை அதிகாரபூர்வமாக அறிவிக்கவில்லை, அது எங்களுக்கும் தெரியும். ஆனாலும் ஆறாம் பவுல் 1967-இலும், இரண்டாம் யோவான் பவுல் 1979-இலும், பதினாறாம் பெனடிக்ட் 2006-இலும் அங்கே வந்து செபித்தார்கள், முஸ்லிம்களும் மரியம் அன்னை என்று பக்தியோடு வருகிறார்கள். அது வரிசையில் நின்று, உள்ளே மாதா சுரூபத்துக்கு முன்னால் ஒரு நிமிஷம் நின்று, வெளியே வந்து மெழுகுதிரி ஏற்றி, ஓரமாக உட்கார்ந்து செபமாலை சொல்லும் இடம். அம்மாவுக்கு உள்ளே போய் வரத்தான் நேரம் இருந்தது. செபமாலையைத் தொடங்கினார், முடிக்கவில்லை. கீழே ஊற்றுக் குழாயில் தீர்த்தம் பிடிக்கப் படி இறங்க வேண்டும், அவர் கால் இருந்த நிலைமையில் மெதுவாகத்தான் இறங்க முடியும், அதற்கு நேரமில்லை என்று நான் மட்டும் ஓடிப் போய் ஒரு பாட்டிலில் பிடித்து வந்தேன். சொந்த பந்தம், அக்கம்பக்கம் என்று ஊரில் எத்தனை பேருடைய நேர்ச்சையை எழுதிய சீட்டுகள் அம்மாவின் பையில் இருந்தன, அங்கே சுவரில் கட்டுவதற்காக. அவற்றை அப்படியே திரும்பக் கொண்டுவந்திருக்கிறோம்.

இப்போது சொல்லுங்கள், எல்லா இடத்துக்கும் அழைத்துப் போனோம் என்று எப்படி எழுதினீர்கள்? வழிகாட்டிக்கு உடம்பு சரியில்லாமல் போவது யாருக்கும் நடக்கலாம், அது குற்றம் இல்லை. ஆனால் காலையிலேயே எங்களிடம் சொல்லியிருந்தால் வேறு நாளுக்கு மாற்றியிருப்போம், நாங்கள் குசாதாசியில் இன்னும் தங்கத்தான் இருந்தோம். சொல்லாமல் மறைத்து, வாசலில் கொண்டுபோய் நிறுத்தி, அதற்குப் பிறகும் கம்பளக் கடைக்கு மட்டும் நேரம் ஒதுக்கியதுதான் என்னால் ஏற்க முடியாதது.

நான் கேட்பது இது. பயணக் கட்டணம் முழுவதையும் திருப்பித் தர வேண்டும், வழிகாட்டிக்கான பங்கை மட்டும் தருகிறேன் என்று பேரம் பேச வேண்டாம், ஏனென்றால் வழிகாட்டி இல்லாமல் நாங்கள் இந்தப் பயணத்தையே வாங்கியிருக்க மாட்டோம். அடுத்து, அம்மாவிடமும் பெரியம்மாவிடமும் எழுத்தில் மன்னிப்புக் கேட்க வேண்டும். உங்கள் விளம்பரத்தில் அந்த "கடைகளில் நிறுத்த மாட்டோம்" என்ற வரியை ஒன்று உண்மையாக்குங்கள், இல்லையென்றால் எடுத்துவிடுங்கள். வயதானவர்கள் வருகிறார்கள் என்றால் மேல் வாசலில் இறக்கிவிட ஓட்டுநருக்கு முன்கூட்டியே சொல்லுங்கள், இதற்குச் செலவு ஒன்றும் இல்லை, அடுத்து வருகிற வேறொரு அம்மாவாவது நடக்க முடியாமல் கல்லில் உட்கார வேண்டாம்.

பதிலுக்குப் பதினைந்து நாள் தருகிறேன். அதற்குள் சரியான பதில் வராவிட்டால் 1915 நுகர்வோர் உதவி எண்ணில் பதிவு செய்துவிட்டு, தூத்துக்குடி மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் வழக்குப் போடுவேன். உங்கள் அலுவலகம் சென்னையில் இருந்தாலும் 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி நான் வசிக்கும் ஊரிலேயே வழக்குத் தொடரலாம், 5 லட்சம் ரூபாய் வரைக்கும் மனுக் கட்டணமும் கிடையாது. விசாரித்துவிட்டுத்தான் எழுதுகிறேன்.

ரசீது, பயணத் திட்டத்தின் படம், அன்றைக்கு உங்கள் அவசர எண்ணுக்குப் பேசிய அழைப்புப் பட்டியல், கம்பளக் கடை வாசலில் நேரத்தோடு எடுத்த புகைப்படம் எல்லாம் இணைப்பில் உள்ளன. பதிலை இதே மின்னஞ்சலுக்கு அனுப்புங்கள், தொலைபேசியில் வேண்டாம், எனக்கு எழுத்தில் வேண்டும்.

இப்படிக்கு,
தூத்துக்குடியிலிருந்து உங்கள் வாடிக்கையாளர்