இரவு 2 மணிக்கு எழுதிய ஒரு வரி

அன்புள்ள ஆசிரியருக்கு,

சாலை விபத்து இழப்பீடு பற்றிய கட்டுரையில் தவறு யாருடையது, வருமான இழப்பை எப்படிக் கணக்கிடுவது என்பதெல்லாம் விரிவாக வந்திருந்தது. எங்கள் வழக்கில் இந்த இரண்டிலும் தகராறே இல்லை. கார் பின்னாலிருந்து இடித்ததை எதிர்த்தரப்பே ஒப்புக்கொண்டது. இந்த விபத்தால்தான் இந்தப் பாதிப்பு வந்தது என்று காட்டுவதற்குள்தான் போதும் போதுமென்றாகிவிட்டது.

மாமனாருக்கு அப்போது 71 வயது. ஸ்கூட்டரோடு விழுந்ததில் மணிக்கட்டு உடைந்தது, முழங்காலில் சிராய்ப்பு. தலையில் அடி இல்லை என்று அவரே சொன்னார். கேஸ் ஷீட்டிலும் அப்படியே ஏறிவிட்டது. மறுநாள் வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். ஐந்து வாரம் கழித்து, சட்டைப் பொத்தானை ஓட்டை மாற்றிப் போட ஆரம்பித்தார். நடக்கும்போது இடது கால் செருப்பு மட்டும் கழன்று பின்னால் கிடக்கும். வயதாகிவிட்டது என்றுதான் நினைத்தோம். ஸ்கேன் எடுத்துப் பார்த்தால், மண்டையோட்டுக்கு அடியில் வலப்பக்கம் ரத்தம் தேங்கி மூளையை அழுத்திக்கொண்டிருந்தது.

வயதானால் மூளை சற்றுச் சுருங்கும். அதன் மேற்பரப்பிலிருந்து வெளியே போகும் மெல்லிய ரத்தக்குழாய்கள் இழுபட்டு நிற்கும். லேசான குலுக்கலில் ஒன்று கிழிந்தால்கூடப் போதும், வாரக்கணக்கில் கசியும். மருத்துவர்களுக்கு இது பாடப்புத்தகச் சமாசாரம். காப்பீட்டு நிறுவனத்தின் வக்கீலோ, "நடுவில் குளியலறையில் வழுக்கி விழுந்திருந்தால்?" என்றார். அப்புறம், "ரத்தம் உறையாமலிருக்க மாத்திரை சாப்பிடுகிறவர்தானே?" என்றார்.

மாத்திரைக் கேள்வி பெரிய விஷயமில்லை. இடித்தவர், இடிபட்டவரை அவருடைய உடல்நிலையோடு சேர்த்தே ஏற்றுக்கொள்ள வேண்டும். "அவர் மண்டையோடு மெலிந்தது, அதனால்தான் இவ்வளவு பாதிப்பு" என்று சாக்குச் சொல்ல முடியாது என்பதை இங்கிலாந்து நீதிமன்றம் 1901லேயே பேசியிருக்கிறது. குளியலறைக் கேள்விதான் குடைந்தது. சி.டி. ஸ்கேனில் புது ரத்தம் வெள்ளையாகத் தெரியும், சுமார் மூன்று வாரம் தாண்டினால் கறுக்கும். அவர் படத்தில் பெரும்பகுதி கறுப்பு. போன வாரம் விழுந்தது இல்லை என்று அதைக் காட்டிச் சொல்லலாம். ஆனால் பழைய ரத்தத் தேக்கத்துக்குள் மறுபடி கசிவதும் உண்டு என்பதால் தேதி போட்டுச் சொல்ல முடியாது.

மருத்துவர் கொடுத்த சான்றிதழில் "விபத்தால் ஏற்பட்டிருக்கலாம்" என்று இருந்தது. நேரில் கேட்டால், "வேறு எதனால் வரப்போகிறது?" என்கிறார்! சிவில் வழக்கில் நூற்றுக்கு நூறு நிச்சயம் தேவையில்லை. இல்லை என்பதைவிட ஆம் என்பதற்கு வாய்ப்பு அதிகம் என்றால் போதும். "இருக்கலாம்" என்ற சொல் அதுவரைகூட எட்டுவதில்லை. மருத்துவர் ஜாக்கிரதையாக எழுதுகிறார், சரி. அந்த ஜாக்கிரதையின் விலையை நோயாளி அல்லவா கொடுக்கிறார்? காரணங்களோடு எழுதித் தரும்படி கேட்டோம். விபத்துக்கு முன் இந்தத் தொந்தரவு இல்லை, இடைப்பட்ட காலம் இந்த நோயின் போக்கோடு ஒத்துப்போகிறது, இடையில் வேறு அடி பட்டதாகப் பதிவு இல்லை என்று ஒரு பக்கம் எழுதினார்.

அதற்கும் "முதல் நாள் தலையில் அடி இல்லை என்று எழுதியிருக்கிறதே" என்றார்கள். கடைசியில் கைகொடுத்தது நர்ஸ் குறிப்பேடு. டிஸ்சார்ஜ் சம்மரியில் இல்லாத ஒரு வரி அதில் இருந்தது: "இரவு 2.00 - பின்மண்டை வலிக்கிறது என்கிறார். மாத்திரை கொடுக்கப்பட்டது."

அந்தத் தாளை நாங்கள் கேட்டு வாங்கியது தற்செயலாகத்தான். எல்லாருக்கும் அப்படி அமையாது. வீட்டில் யாருக்காவது விபத்து நடந்தால், சம்மரியோடு திரும்பிவிடாமல் நர்ஸ் குறிப்புகள், மருந்துச் சீட்டு, ஸ்கேன் படம் எல்லாவற்றுக்கும் நகல் கேளுங்கள். ஆண்டுகள் போனால் பழைய கோப்புகளை மருத்துவமனை கழித்துவிடும். சின்ன வலியையும் முதல் நாளே சொல்லி எழுத வையுங்கள். மாமனாரைப் போல, "ஒன்றுமில்லை, நல்லாத்தான் இருக்கேன்" என்று சொல்கிறவர்களாக இருந்தால் அவர்களுக்குப் பதில் நீங்கள் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகி