பிள்ளை தப்பாகப் படித்தால் சிரிக்க வேண்டாம்

அன்புள்ள பெற்றோருக்கு வணக்கம்.

காலை வழிபாட்டுக் கூட்டத்தில் தினமும் ஓர் அரிய ஆங்கிலச் சொல்லைப் பலகையில் எழுதி உச்சரிப்பும் பொருளும் சொல்லித் தருகிறோம். யாரும் பேசாத சொல் எதற்கு, பரீட்சைக்கு வருமா என்று உங்களில் சிலர் கேட்டீர்கள். வராமலும் போகலாம். ஆனால் பாடப்புத்தகத்தைத் தாண்டி நூலகத்தில் ஒரு புத்தகத்தை எடுக்கிற பிள்ளை முதலில் தடுமாறுவது இந்த மாதிரிச் சொற்களில்தான், அங்கே நாலு பேர் சிரித்து அது வாயை மூடிக்கொண்டால் அப்புறம் திறக்க வைப்பது ரொம்பக் கஷ்டம்.

போன வாரம் எட்டாம் வகுப்புப் பெண் ஒருத்தி, ஒரு குணத்துக்கே உருவமாக இருப்பவரைக் குறிக்கும் 'எபிடமி'யை 'எபிடோம்' என்று படித்தாள். வரிசையில் ஒரே சிரிப்பு. எழுத்தைப் பார்த்துப் படித்தால் அப்படித்தான் வரும். அது கிரேக்கத்திலிருந்து வந்த சொல், அதனால் கடைசி எழுத்தும் ஒலிக்கிறது. உயர்வு நவிற்சியைச் சொல்லும் 'ஹைபர்பலி', பேரழிவைச் சொல்லும் 'கடாஸ்ட்ரஃபி' எல்லாம் அதே குடும்பம். இதை விளக்கியதும் அடுத்த சொல்லை அவளே சரியாகச் சொன்னாள்.

எழுத்துக்கும் ஒலிக்கும் பொருந்தாமல் போனதற்குப் பிள்ளைகள் பொறுப்பில்லை. கடனைக் குறிக்கும் 'டெட்' பிரெஞ்சிலிருந்து வந்தபோது அதில் 'பி' எழுத்தே கிடையாது, லத்தீன் மூலத்தைக் காட்ட வேண்டும் என்று படித்தவர்கள் பின்னால் செருகியது. ராணுவக் 'கர்னல்' எழுதப்படுவது இத்தாலிய வடிவத்தை ஒட்டி, ஒலிப்பதோ பழைய பிரெஞ்சு வடிவத்தை ஒட்டி. அவ்வளவு ஏன், 1820களில் நம் ஏற்காட்டுக்குக் காப்பிச் செடி கொண்டுவந்த சேலம் கலெக்டரை எழுத்துப்படி காக்பர்ன் என்கிறோம், அந்தக் குடும்பப் பெயரை ஸ்காட்லாந்தில் 'கோபர்ன்' என்றுதான் சொல்வார்கள்.

நம்மிடமிருந்து போன சொற்களும் உண்டு. எஸ்டேட்டில் சில்வர் ஓக் மரத்தில் ஏறுகிற மிளகுக் கொடியைப் பார்த்து வளர்கிற பிள்ளைக்கு, ஆங்கிலேயர் சூப்புக்கு வைத்த 'மலிகடானி' என்ற பெயர் நம் மிளகுத்தண்ணிதான் என்று சொல்லிப் பாருங்கள், ஜென்மத்துக்கும் மறக்காது.

வீட்டில் நீங்கள் செய்ய வேண்டியது கொஞ்சம்தான். தனியாக ஒரு நோட்டு வாங்கிக் கொடுங்கள். சொல், பக்கத்தில் தமிழில் அதன் ஒலி, பொருள், பிள்ளை சொந்தமாக எழுதிய ஒரு வாக்கியம், இவ்வளவு போதும், ஆனால் வாக்கியத்தை நீங்கள் எழுதிக் கொடுக்காதீர்கள். எந்த இடத்தில் அழுத்திச் சொல்வது என்பது தமிழ் எழுத்தில் தெரியாது, அதனால் போனில் உள்ள அகராதியில் ஸ்பீக்கர் குறியைத் தொட்டு ஒருமுறை கேட்கச் சொல்லுங்கள். உங்களுக்கு ஆங்கிலம் தெரியாவிட்டாலும் பரவாயில்லை, பக்கத்தில் உட்கார்ந்து கேட்டாலே அதற்குத் தைரியம் வரும். எஸ்டேட் பக்கம் சிக்னல் கிடைக்காதவர்களின் பிள்ளைகள் பள்ளி விட்டதும் கணினி அறைக்கு வரட்டும், ஆசிரியர் ஒருவர் இருப்பார்.

இப்படிக்கு,
தலைமையாசிரியர்