கூட்டாளிக்கு: ஏழாம் படலத்தை எடுத்துவிட்டேன்

அன்புள்ள கூட்டாளிக்கு,

நாம் இருவரும் சேர்ந்து உருவாக்கிய கற்பனை உலகத்தின் கதையிலிருந்து, நான் எழுதிய ஏழாம் படலத்தை நேற்று இரவு எடுத்துவிட்டேன். பிரதிகூட வைத்துக்கொள்ளவில்லை. அது வெளிவந்து நேற்றோடு நான்கு ஆண்டுகள். உனக்கு அந்தத் தேதி நினைவில்லை என்று சொன்னால் நம்பமாட்டேன்.

இதை உனக்குத் தனியாக எழுதியிருக்கலாம். எழுதினேன், இரண்டு முறை. பதில் இல்லை. படலம் எல்லோர் கண்ணிலும் பட்டது, மன்னிப்பும் படட்டும் என்று இப்போது இங்கே எழுதுகிறேன். இது நியாயம்தானா, அல்லது உன்னைப் பேசவைக்கக் கூட்டம் சேர்க்கிறேனா என்று எனக்கே சந்தேகமாக இருக்கிறது. (நம் உலகத்தைத் தொடர்ந்து படித்தவர்களிடம் ஒரு வேண்டுகோள்: அந்தப் படலத்தில் வரும் கிழவி யார் என்று ஊகித்துக்கொண்டிருக்க வேண்டாம். கேட்டாலும் சொல்லமாட்டேன்.)

நம் உலகத்தின் தெய்வத்துக்குக் கன்னலாள் என்ற பெயர் உன்னுடையது. கன்னல் என்றால் கரும்பு, பொழுதை அளக்கும் நாழிகை வட்டிலுக்கும் அதே பெயர் என்று அகராதியில் கண்டுபிடித்து, நள்ளிரவில் என்னை எழுப்பிச் சொன்னாய். இனிப்புக்கும் காலத்துக்கும் ஒரே சொல் இருக்கும்போது இனி வேறு பெயர் தேடவேண்டாம் என்றாய். விதியும் உன்னுடையதுதான்: கேட்டவருக்கு ஒரு நாழிகையைத் திருப்பித் தருவாள், ஆனால் தந்தது போனது போலவே இருக்காது.

அவள் கைக்கு நான் கேட்டது இரண்டு குடங்கள். பண்டைய கிரேக்கத்தில் குறிசொல்லும் திரோபோனியஸிடம் குறிகேட்க நிலத்தடிக்கு இறங்குகிறவர் முதலில் மறதியின் நீரையும் அடுத்து நினைவின் நீரையும் குடிக்கவேண்டும் என்று அக்காலப் பயணி பவுசானியாஸ் எழுதிவைத்ததை எடுத்துக்கொண்டு வந்தேன். நீ எலிகளைக் கொண்டுவந்தாய். 2000-ஆம் ஆண்டில் வந்த ஆய்வு அது. எலிக்கு அச்சத்தோடு பதிந்த ஒரு நினைவை மீண்டும் தூண்டிவிட்டு, உடனே அதன் மூளையில் புரதம் உருவாவதைத் தடுத்தால் அந்த நினைவே குலைந்துபோகிறது. தூண்டாமல் விட்டால் அதே மருந்தால் ஒன்றும் ஆவதில்லை. "பார், எடுத்துப் பார்க்கும்போதுதான் நினைவுக்கு ஆபத்து. உன் இரண்டு குடமும் ஒரே பாத்திரம்தான்" என்றாய். நான் தோற்றேன். நல்ல தோல்வி.

அப்புறம் அந்தக் கிண்ணம், நம் நாழிகை வட்டில்: அடியில் துளையோடு நீரில் மிதக்கவிட்டால் சரியாக ஒரு நாழிகையில் முழுகவேண்டும். தெய்வத்தின் கையில் கொடுப்பதற்கு முன்னால் நாமே ஒன்று செய்து பார்த்துவிட வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தாய். ஒரு நாளைக்கு 60 நாழிகை, நாழிகைக்கு 24 நிமிடம். செப்புக் கிண்ணத்தின் அடியில் ஆணியை வைத்து நான் அடித்த அடியில் துளை பெரிதாகிவிட்டது, நான்கு நிமிடத்தில் முழுகிவிட்டது. துளையின் அகலம் இரண்டு மடங்கானால் நேரம் கால்பங்காகும் என்று தரையிலேயே கரிக்கோட்டில் கணக்குப் போட்டாய். பின்பக்கம் சுத்தியலால் மெல்லத் தட்டித் தட்டித் துளையைச் சுருக்கினாய், ஒரு தையல் ஊசி மட்டும் நுழைகிற அளவுக்கு. குளியலறைத் தரையில், வாளியைச் சுற்றி, இருவரும் சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தோம். கடிகாரத்தைப் பார்க்கக்கூடாது என்று என் போனைக் கவிழ்த்துவைத்தாய். துளை வழியாக நீர் நூல்போல எழும்பி, கிண்ணத்துக்குள் சின்னக் குமிழாக உட்கார்ந்து, பிறகு பரவியது. விளிம்பு கொஞ்சம் கொஞ்சமாகத் தாழ்ந்துகொண்டிருந்தது.

பாதியில் உன் போன் ஒலித்தது. யார் என்று பார்த்தாய், எடுக்கவில்லை. பிறகு பேசத் தொடங்கினாய்.

நீ பேசியதை இங்கே எழுதப்போவதில்லை. ஒருமுறை எழுதியதால்தானே இந்தக் கடிதம். ஆனால் நீ பேசி முடித்து நாம் வாளியைத் திரும்பிப் பார்த்தபோது கிண்ணம் அடியில் கிடந்தது. எப்போது போனது என்று இருவருக்குமே தெரியவில்லை. நீ கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தாய். "இதையே வைத்துக்கொள்ளலாம். யாரும் பார்க்காத நேரத்தில்தான் கன்னலாளின் கிண்ணம் மூழ்கும், ஓசையில்லாமல்" என்றாய். அன்றே எழுதிச் சேர்த்தோம். நம் உலகத்தில் எனக்குப் பிடித்த வரி இன்றுவரை அதுதான்.

அப்படிப் பேசிய ஓர் இரவிலிருந்து எடுத்துத்தான் ஏழாம் படலத்தை எழுதினேன். எழுதும்போது அது உன்னுடையது என்று தோன்றவில்லை. கன்னலாளுடையது என்று தோன்றியது. இதைச் சாக்கு என்று நீ சொல்வாய். சாக்குதான். அடையாளம் தெரியாமலிருக்க நாலைந்து விவரங்களை மாற்றினேன். அந்த மாற்றங்கள்தான் உன்னை அதிகம் புண்படுத்தின என்று பிறகு ஒருவர் சொல்லிக் கேள்விப்பட்டேன். உன் விதியை உன் மீதே நடத்திக்காட்டியிருக்கிறேன் என்பது எனக்கு அதுவரை உறைக்கவில்லை. மன்னித்துவிடு.

ஆனால் நானும் ஒன்று கேட்கிறேன். கன்னலாள் பதில் சொல்லும் முன் கிண்ணத்தின் விளிம்பை நகத்தால் மூன்று முறை தட்டுவாளே, அது யாருடைய பழக்கம்? என் பாட்டியுடையது. ஒரே ஒரு முறை உன்னிடம் சொன்னேன். என்னைக் கேட்காமல் எடுத்துத் தெய்வத்துக்குக் கொடுத்தாய். படித்தவர்கள் எல்லோரும் அந்தத் தட்டலைத்தான் புகழ்ந்தார்கள், நீயும் தலையாட்டி வாங்கிக்கொண்டாய். நான் ஒரு வார்த்தை சொன்னேனா? உலகத்தையே பாதியில் போட்டுவிட்டுப் போனேனா? நீ உருவாக்கிய பதினொரு ஊர்களும் உன் தேர்த்திருவிழாவும் அப்படியே கிடக்கின்றன. அங்கே இருப்பவர்களுக்கு நான்கு ஆண்டுகளாக ஒரே பொழுது.

அதுவும் இதுவும் ஒன்றல்ல என்று எனக்குத் தெரியும். ஏன் ஒன்றல்ல என்பதை இங்கே விளக்க முடியாது. விளக்கினால் மறுபடி அதே தவறு. நீ புரிந்துகொள்வாய்.

தட்டலை நான் நீக்கவில்லை. பாட்டி இருந்திருந்தால் பெருமைப்பட்டிருப்பாள் என்றுகூட நினைக்கிறேன். உன்னிடம் சொல்லாமலே வைத்திருந்தது அது.

ஏழாம் படலம் இருந்த இடத்தை வெறுமனே விட்டிருக்கிறேன். ஆறுக்கு அடுத்து எட்டு. எண்ணை மாற்றி ஒட்டிவிடலாம், ஒருவரும் கவனிக்கமாட்டார்கள் என்று தோன்றியது. மனம் வரவில்லை. அங்கே வேறு ஏதாவது வரவேண்டுமானால் நீ எழுது. வரவேண்டாமென்றால் அப்படியே இருக்கட்டும்.

கிண்ணம் என்னிடம்தான் இருக்கிறது. நீ கேட்கவில்லை, நானும் அனுப்பவில்லை. உள்ளே பச்சைக் களிம்பு பிடித்திருக்கிறது, துளை ஓரத்திலும் கொஞ்சம். நேற்று படலத்தை எடுத்த பிறகு வாளியில் நீர் நிரப்பி அதை மிதக்கவிட்டேன். இந்த முறை கண்ணை எடுக்கவில்லை. 22 நிமிடம் பிடித்தது. களிம்பைத் துடைத்தால் இன்னும் குறையும். அப்புறம், கூட்டாளி, ஓசை இருக்கிறது. கடைசியில் விளிம்பு நீருக்குள் போகும்போது, குழந்தை பால் விழுங்குவது போல ஒரு சின்ன ஓசை. நாம் ஓசையில்லாமல் என்று எழுதியிருக்கிறோம்.

அந்த வரியை நான் திருத்தவில்லை.