ரயில் போகும் ஊருக்கு எதற்கு நடந்தாய் என்று கேட்டாயே

அன்புள்ள சுகுணா,

உன் கடிதம் வந்து சேர்ந்தது. பேத்தி பிறந்த செய்தியை ஒன்றரை வரியில் எழுதி முடிக்கிற ஆள் நீ ஒருத்திதான். படம் அனுப்பு. முழங்கால் அறுவை சிகிச்சை நல்லபடியாக முடிந்தது என்று எழுதியிருக்கிறாய்; பிசியோதெரபி பற்றி ஒரு வார்த்தை இல்லை. அப்படியென்றால் பயிற்சி எதுவும் செய்யவில்லை என்றே எடுத்துக்கொள்கிறேன். இங்கே எல்லாரும் நலம். இவருக்குச் சர்க்கரை கட்டுக்குள் இருக்கிறது, வாய்தான் கட்டுக்குள் இல்லை.

சரி, பெரு விஷயத்துக்கு வருகிறேன். "மச்சு பிச்சுவுக்கு ரயில் போகிறதே, எதற்கு நான்கு நாள் மலையேறிப் போனாய்?" என்று கேட்டிருந்தாய். நியாயமான கேள்விதான். மலைமேல் இருக்கும் பழைய இன்கா ஊர் அது. மலையடிவாரத்து அகுவாஸ் காலியென்டெஸ் வரை ரயில், அங்கிருந்து மேலே பேருந்து. திரும்பும்போது நாங்களும் அந்த ரயிலில்தான் வந்தோம். நடை தொடங்கும் இடத்தைக்கூட ரயில் கணக்கில்தான் சொல்கிறார்கள்: எண்பத்திரண்டாவது கிலோமீட்டர். பழைய இன்கா தலைநகரான குஸ்கோவிலிருந்து தண்டவாளம் வழியாக அளந்த தூரம் அது. அங்கே ஆற்றுப் பாலத்தைக் கடந்தால் இன்கா பாதை. மச்சு பிச்சு வரை சுமார் 43 கிலோமீட்டர்.

ஆனால் ஊரை மட்டும் பார்த்துவிட்டு வந்தால் அதைக் கட்டிய மனுஷர்கள் எதில் கெட்டிக்காரர்கள் என்பது பாதிதான் தெரியும். பணி ஓய்வு பெற்ற பிறகும் ரோட்டோரம் கல்வெர்ட்டைப் பார்த்தால் வண்டியை நிறுத்தச் சொல்கிறவள் நீ. உனக்கு இதைச் சொல்லாமல் யாருக்குச் சொல்வது?

ஸ்பானியர் வருவதற்கு முன் அந்த மலைகளை ஆண்ட இன்காக்களிடம் வண்டிச் சக்கரம் இல்லை, குதிரையும் இல்லை. மனிதக் கால், லாமாவின் கால், அவ்வளவுதான் போக்குவரத்து. அதனால் மலை குறுக்கே வந்தால் சுற்றி வளைத்துச் சரிவைக் குறைக்க வேண்டிய அவசியம் அவர்களுக்கு இல்லை. நேராகப் படி கட்டி ஏற்றிவிட்டார்கள். கொலம்பியாவிலிருந்து அர்ஜென்டினா, சிலி வரை ஆறு நாடுகளில் இப்படி ஏறக்குறைய 30,000 கிலோமீட்டர் சாலை போட்டிருந்தார்கள். 2014-இல் யுனெஸ்கோ இந்தச் சாலை வலையை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. நாங்கள் நடந்தது அதில் ஒரு துண்டு. பின்னால் ஸ்பானியர்கள் குதிரையோடு வந்தபோது இந்தப் படிகள் அவர்களுக்குப் பெரிய தலைவலியாக இருந்தனவாம். இருக்காதா பின்னே.

முதல் நாள் லேசான நடைதான். கள்ளிச்செடி, தூசி, ஆற்றின் இரைச்சல். மேட்டிலிருந்து பார்த்தால் கீழே பட்டாயக்தா என்ற ஊரின் இடிபாடு, வளைந்து வளைந்து போகும் படிக்கட்டு வயல்களோடு தெரிகிறது. 1536-இல் குஸ்கோவை விட்டுப் பின்வாங்கிய மன்னன் மாங்கோ இன்கா, ஸ்பானியர் பின்தொடர்ந்து வரக் கூடாது என்று இந்த வழியிலிருந்த ஊர்களை எரித்துவிட்டுப் போனான் என்று சொல்கிறார்கள். ஸ்பானியர் கண்ணில் இந்தப் பாதையும் மச்சு பிச்சுவும் படாமல் போனதற்கு அதுவும் ஒரு காரணமாம்.

இரண்டாம் நாள்தான் ஆளைப் பிழிந்து எடுத்துவிட்டது. வாய்யபம்பா கிராமம் சுமார் 3,000 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. அங்கிருந்து வார்மிவன்யுஸ்கா கணவாய் வரை ஒரே ஏற்றம், 4,215 மீட்டர். அந்த உயரத்தில் காற்றின் அழுத்தம் கடல் மட்டத்தில் இருப்பதில் 60 சதவீதம்தான். நுரையீரல் எவ்வளவு இழுத்தாலும் போதவில்லை. இருபது படி, நிற்பது, இன்னும் இருபது படி, நிற்பது. எனக்கு முன்னால் போன ஜெர்மன் பையன் தினமும் மாரத்தான் ஓடுகிறவன் மாதிரி கிளம்பினான், கணவாய்க்குக் கீழே பாறையில் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். உயரத்துக்கு வயசு, உடற்பயிற்சி எதுவும் கணக்கில்லை. உடம்பு பழகியிருக்கிறதா என்பதுதான் கணக்கு. அதனால்தான் முன்கூட்டியே போய் குஸ்கோவில் தங்கச் சொல்கிறார்கள். அந்த ஊரே 3,400 மீட்டர். கேட்டால் நம்ப மாட்டாய், மச்சு பிச்சு அதைவிட ஏறக்குறைய ஒரு கிலோமீட்டர் தாழ்வான இடம், 2,430 மீட்டர்தான். இன்கா பாதையில் நாம் ஏறிப் போவது கீழே இருக்கும் ஊருக்கு! கோகா இலைத் தேநீர் கொடுத்தார்கள், குடித்தேன். எனக்கு உதவியது டாக்டர் எழுதிக் கொடுத்த மாத்திரையும், மெதுவாக நடந்ததும்தான் என்று நினைக்கிறேன்.

ஏற்றத்துக்கே இப்படி என்றால் இறக்கம் அதைவிட மோசம். கணவாயின் மறுபக்கம் பக்காய்மாயோ முகாம் வரை 600 மீட்டர் கல்படிகளில் இறங்க வேண்டும். ஒரு படி முழங்கால் உயரம், அடுத்தது ஒரு சாண், அதற்கடுத்தது ஈரம். உன் நினைவு வந்தது அங்கேதான்.

எங்கள் குழுவில் சுமை தூக்கி வரும் போர்ட்டர்களில் இரண்டு பெண்கள் இருந்தார்கள். ஒருத்திக்கு நாற்பது வயதிருக்கும், இரட்டைப் பின்னல், அவை முன்னால் விழாமல் நுனிகளை முதுகுப்பக்கம் சேர்த்துக் கட்டியிருந்தாள். முதுகில் சமையல் கூடாரத்துச் சாமான். அவள் படியில் நேராக இறங்கவே இல்லை. உடம்பைச் சற்றுப் பக்கவாட்டில் திருப்பி, படியின் இடது ஓரத்திலிருந்து வலது ஓரத்துக்கு, பிறகு வலதிலிருந்து இடதுக்கு என்று குறுக்கும் மறுக்குமாக, சின்னச் சின்ன எட்டாக வைத்து இறங்கினாள். பாதம் முழுவதும் கல்லில் பதிந்தது, முட்டி ஒருமுறைகூட அதிரவில்லை. நான் உற்றுப் பார்ப்பதைக் கவனித்துவிட்டு நின்றாள். அவர்கள் மொழியான கெச்சுவாவில் ஏதோ சொல்லி, மறுபடி மெதுவாகச் செய்து காட்டினாள். அப்புறம் கடைசி வரை நான் அப்படியேதான் இறங்கினேன். வீட்டு மாடிப்படியில் நீயும் முயன்று பார், பிசியோவிடம் கேட்டுவிட்டு.

போர்ட்டர்களைப் பற்றிச் சொல்லாமல் இந்தப் பயணத்தைப் பற்றிப் பேசுவது அயோக்கியத்தனம். நாம் தூங்கிய கூடாரத்தை நாம் போன பிறகு பிரித்து மடித்து, நம்மைத் தாண்டி ஓடி, நாம் போய்ச் சேர்வதற்குள் மதியச் சாப்பாட்டைச் சுடச்சுடத் தயார் செய்து வைத்திருப்பார்கள். பெரும்பாலும் சுற்றுவட்டாரக் கெச்சுவா கிராமங்களில் உருளைக்கிழங்கு பயிரிடும் விவசாயிகள். டயர் ரப்பரில் செய்த செருப்போடு ஓடுகிறவர்களும் உண்டு. முன்பெல்லாம் ஆளுக்கு எவ்வளவு சுமை என்று கேட்க நாதியில்லை. இப்போது சட்டப்படி ஆணுக்கு 20 கிலோ, பெண்ணுக்கு 15 கிலோ. சோதனைச் சாவடியில் தராசில் தொங்கவிட்டு நிறுத்துத்தான் உள்ளே விடுகிறார்கள். ஆனால் அவர்களுக்குக் கூடாரம் சரியாக இருக்கிறதா, கூலி முழுதாகப் போய்ச் சேர்கிறதா என்பதைத் தராசு சொல்லாது. மலிவான பயண நிறுவனத்தைத் தேடினால் அந்த மலிவு யாருடைய வயிற்றிலிருந்து வருகிறது என்பது நமக்கே தெரியும். கூட வந்தவர்களில் ஒரு தம்பதி கடைசி மாலையில் அன்பளிப்புக் கொடுக்கும்போது சில்லறை சோல் நாணயங்களை எண்ணியதைப் பார்த்து எனக்குக் கை பரபரத்தது. எதுவும் சொல்லவில்லை. சொல்லியிருக்கலாம்.

மூன்றாம் நாள் உனக்கானது. அந்தப் பகுதியில் பழைய தளக்கல் நிறைய அப்படியே இருக்கிறது. வற்றிப்போன ஏரியின் சதுப்பு நிலத்தைக் கடக்கக் கல்லை அடுக்கி மேடாக்கிச் சாலை போட்டிருக்கிறார்கள். இன்னோர் இடத்தில் பாறை வழிமறிக்கிறது. அதிலிருந்த இயற்கையான வெடிப்பை அகலப்படுத்தி, உள்ளே படி செதுக்கி, குகைவழியாக்கிவிட்டார்கள். சாயக்மார்கா என்ற இடிபாடு மலை மூக்கின் நுனியில் உட்கார்ந்திருக்கிறது. மூன்று பக்கமும் பாதாளம். அங்கே யார், எதற்காகக் குடியிருந்தார்கள் என்று எங்கள் வழிகாட்டி நீளமாக ஏதோ சொன்னார். எனக்குக் காது அதில் இல்லை, கண் சுவரின் அடியில் இருந்தது.

மழை பிடித்துக்கொண்டது. ஏப்ரல் கடைசி, மழைக்காலத்தின் வால். எல்லாரும் சலித்துக்கொண்டார்கள். எனக்கு அது அதிர்ஷ்டம் என்று பட்டது, ஏனென்றால் மழையில்தான் அந்தக் கட்டுமானம் வேலை செய்வதைப் பார்க்க முடிந்தது. மாலையில் வின்யாய் வாய்னா போய்ச் சேர்ந்தோம். செங்குத்துச் சரிவில் அரைவட்டமாகப் படிவயல்கள், நடுவே மேலிருந்து கீழே வரிசையாகக் கல் நீர்த்தொட்டிகள். மேல் தொட்டிக்கு வரும் வாய்க்கால் என் உள்ளங்கை அகலம்தான் இருக்கும். தண்ணீர் ஒரு தொட்டியில் விழுந்து, மூலையிலிருக்கும் துளை வழியாகப் போய், அடுத்ததில் விழுகிறது. எங்கேயும் வழிந்து சுவரில் ஓடவில்லை. அந்த மழையிலும் வயல்களின் தடுப்புச் சுவர் ஒன்றிலாவது வயிறு தள்ளியிருக்கிறதா என்று தேடினேன். நான் நின்ற இடத்திலிருந்து ஒன்றுகூடத் தெரியவில்லை. 500 வருஷத்துக்கும் மேலான சுவர்கள், சுகுணா. பழுது பார்த்து வைத்திருக்கிறார்கள்தான், இருந்தாலும்.

மச்சு பிச்சுவிலும் இதே சூட்சுமம்தான். அங்கே வருஷத்துக்கு ஏறக்குறைய 2,000 மில்லிமீட்டர் மழை. ஊர் நிற்பது இரண்டு சிகரத்துக்கு நடுவே, மலையின் முதுகில். தண்ணீரை வெளியேற்றாவிட்டால் ஊரே சரிந்து ஆற்றில் போய்விடும். நீர்ப்பொறியாளர்கள் ஆராய்ந்து சொன்னதைக் கேள்: கட்டுமான உழைப்பில் சுமார் 60 சதவீதம் மண்ணுக்கு அடியில் இருக்கிறது! படிவயலின் அடியில் பெரிய கல், அதன்மேல் சரளையும் மணலும், அதற்கு மேல் பயிர்மண். கல் செதுக்கும்போது விழுந்த சில்லுகளைக்கூட வீணாக்காமல் சதுக்கத்துக்கு அடியில் வடிகால் படுகையாகப் போட்டிருக்கிறார்கள். ஊற்றிலிருந்து 749 மீட்டர் வாய்க்கால் வெட்டி, 16 நீர்த்தாரைகளுக்குத் தண்ணீர் கொண்டுவந்திருக்கிறார்கள். முதல் தாரை அரசனின் இருப்பிடத்துக்குப் பக்கத்தில். சுத்தமான தண்ணீர் யாருக்கு முதலில் என்பதில் எல்லா ஊரும் ஒன்றுதான் போல.

கடைசி நாள் விடியலைப் பற்றி எல்லாரும் பெரிதாக எழுதுகிறார்கள். உள்ளது இதுதான்: சோதனைச் சாவடியை ஐந்தரைக்குத்தான் திறப்பார்கள், அதற்கு இரண்டு மணி நேரம் முன்பே இருட்டில் வரிசை. திறந்ததும் தள்ளுமுள்ளு இல்லாத குறையாக ஒரே ஓட்டம். ஊருக்கு மேலே இருக்கும் சூரிய வாசல் போய்ச் சேர்ந்தால் வெள்ளை மூட்டம், ஒரு மண்ணும் தெரியவில்லை. அத்தனை பேரும் அந்த வெள்ளையைப் பார்த்துப் போனைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்றோம். நன்றாகக் காத்திருந்த பிறகுதான் ஊர் தெரிந்தது. அழகுதான், மறுக்கவில்லை. ஆனால் எனக்கு அந்த வாசலைவிட முந்திய நாள் பார்த்த வாய்க்கால்தான் மனசில் நிற்கிறது.

1911-இல் அமெரிக்கர் ஹிராம் பிங்கம் மச்சு பிச்சுவைக் 'கண்டுபிடித்தார்' என்று பாடப்புத்தகத்தில் படித்தோமே, அவர் போனபோது அங்கே விவசாயக் குடும்பங்கள் பயிர் செய்துகொண்டிருந்தன. அவருக்கு முன்பே, 1902-இல், அகஸ்டின் லிசாராகா என்ற உள்ளூர்க்காரர் சுவரில் தன் பெயரை எழுதிவிட்டுப் போயிருந்தார். பிங்கம் எடுத்துப்போன பொருள்கள் யேல் பல்கலைக்கழகத்திலிருந்து பெருவுக்குத் திரும்பி வர நூறு வருஷம் ஆனது. 2000-இல் ஒரு பியர் விளம்பரப் படப்பிடிப்பில் கிரேன் விழுந்து அங்கிருக்கும் இன்டிவத்தானா என்ற புனிதக் கல்லின் மூலையையும் உடைத்துவிட்டார்கள். ஸ்பானியர் கைபடாத கல் அது!

கழிப்பறைகளைப் பற்றிக் கேட்டிருந்தாய். மூக்கைப் பொத்திக்கொண்டு போய்விட்டு வர வேண்டியதுதான். அதற்குமேல் சொல்ல ஒன்றும் இல்லை.

இரவு வானத்தைப் பற்றி மட்டும் ஒன்று. பால்வீதியில் இருக்கும் கறுப்புத் திட்டுகளுக்கு அங்கே உருவம் சொல்கிறார்கள். நட்சத்திரங்களைக் கோடு போட்டு இணைப்பதில்லை, நட்சத்திரம் இல்லாத இடத்தைப் பார்க்கிறார்கள். ஆல்ஃபா சென்டாரி, பீட்டா சென்டாரி இரண்டும் கண்கள், பின்னால் நீளும் இருட்டு லாமாவின் கழுத்தும் உடம்பும். ஒருமுறை கண்ணில் பட்டுவிட்டால் அப்புறம் அது லாமாவாகத்தான் தெரிகிறது.

இப்போது உன் விஷயம். நான்கு நாள் பாதை உன் முட்டிக்கு வேண்டாம். ஆனால் நூற்று நாலாவது கிலோமீட்டரில் ரயிலிலிருந்து இறங்கி, வின்யாய் வாய்னா வழியாக ஒரே நாளில் சூரிய வாசல் போகும் குறுகிய பாதை உண்டு. உயரமான கணவாய் எதுவும் கிடையாது, கூடாரமும் இல்லை, இரவு ஹோட்டலில். ஏற்றம் இருக்கிறது, படியும் இருக்கிறது, ஆனால் நீ பார்க்க வேண்டிய வாய்க்கால் அந்த வழியில்தான். தனியாகப் போக அனுமதி இல்லை. உரிமம் பெற்ற வழிகாட்டியோடுதான் போக வேண்டும். நான்கு நாள் பாதையில் வழிகாட்டி, போர்ட்டர் எல்லாரும் சேர்த்தே ஒரு நாளைக்கு 500 பேர்தான், பல மாதம் முன்பே தீர்ந்துவிடுகிறது. குறுகிய பாதைக்கும் முன்பதிவு உண்டு, கொஞ்சம் எளிதாகக் கிடைக்கும். பிப்ரவரியில் நான்கு நாள் பாதையைப் பராமரிப்புக்காக மூடிவிடுவார்கள். மே முதல் செப்டம்பர் வரை வறண்ட காலம். எனக்கு மே மாதத் தொடக்கம்தான் சரியென்று படுகிறது, பசுமை மிச்சம் இருக்கும்.

அனுமதிச்சீட்டைப் பாஸ்போர்ட் எண்ணை வைத்துத்தான் கொடுக்கிறார்கள், சாவடியில் இரண்டையும் ஒப்பிட்டுப் பார்க்கிறார்கள். அதனால் முதல் வேலையாக உன் பாஸ்போர்ட் எந்த வருஷம் முடிகிறது என்று பார்த்து எழுது. எலும்பு டாக்டர் எப்போது படியேறலாம் என்கிறார் என்பதையும் கேட்டு எழுது. அவரிடம் பெரு என்று சொல்லாதே, மாடிப்படி என்று மட்டும் சொல்.

அன்புடன்,
வசந்தா