மேப்பிள் பீன்ஸ்: முதலில் அவியுங்கள், பிறகு இனிப்பு

ஆசிரியர் அவர்களுக்கு,

போன வாரச் சமையல் பக்கத்தில் வந்த மேப்பிள் பீன்ஸ் செய்முறையைப் படித்தேன். கனடாவின் கியூபெக் மாகாணத்துக்காரரின் சாப்பாடு ஒன்று தமிழ்ப் பத்திரிகையில் வந்தது சந்தோஷம்தான். ஆனால் ஊறவைத்த பீன்ஸ், மேப்பிள் பாணி (மேப்பிள் மரச் சாற்றைக் காய்ச்சிய இனிப்புப் பாகு), தக்காளி சோஸ் எல்லாவற்றையும் ஒன்றாக ஸ்லோ குக்கரில் போட்டுவிட்டு வேலைக்குப் போய் வரலாம் என்று எழுதியிருக்கிறீர்களே, அதை நம்பிச் செய்கிறவர்கள் பின்னேரம் வந்து மூடியைத் திறந்தால் இனிப்புத் தண்ணீருக்குள் கல்லுக் கல்லாகக் கிடக்கிற பீன்ஸைத்தான் பார்ப்பார்கள்.

பீன்ஸை இறுக்கமாக வைத்திருப்பது அதிலுள்ள பெக்டின். இனிப்பும் புளிப்பும் சேர்ந்தால் அது லேசில் கரையாது. அதனால் வெறும் தண்ணீரில் அவிந்து மெத்தென்று ஆன பிறகுதான் பாணி உள்ளே போகவேண்டும். அப்படிப் போனால் அதே இனிப்பு நமக்கு உதவியாகிவிடும், ஆறு மணி நேரம் ஓவனில் கிடந்தாலும் பீன்ஸ் கூழாகாமல் முழுசாக நிற்பது அதனால்தான்.

அப்புறம், இது ருசியோடு முடிகிற விஷயமும் இல்லை. வெள்ளை பீன்ஸ் கிடைக்காவிட்டால் சிவப்பு கிட்னி பீன்ஸ் பாவிக்கலாம் என்று வேறு போட்டிருக்கிறீர்கள். சிவப்பு பீன்ஸில் லெக்டின் என்ற நச்சு அதிகம், அது தளதளவென்று கொதித்தால்தான் அழியும், ஸ்லோ குக்கரின் சூடு பல நேரம் அதற்குப் போதாது. அரைவேக்காட்டில் சாப்பிட்டால் சில மணி நேரத்திலேயே வாந்தியும் வயிற்றோட்டமும்தான்.

வீட்டில் செய்ய இவ்வளவுதான்: சின்ன வெள்ளை பீன்ஸ் 450 கிராமை இரவே ஊறவையுங்கள். காலையில் அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டுப் புதுத் தண்ணீரில், முதலில் ஒரு அரை மணி நேரம் நன்றாகக் கொதிக்கவிட்டு, பிறகு தணலைக் குறைத்து அவியுங்கள். பதம் பார்க்க இந்தப் பக்கத்துக் கிழவிகளின் வழி ஒன்று இருக்கிறது: கரண்டியில் நாலு பீன்ஸை எடுத்து ஊதுங்கள், தோல் வெடித்துச் சுருண்டு வந்தால் போதும். சரி, இப்போது அதை ஒரு மண்சட்டியில் போட்டு, நறுக்கிய வெங்காயம், உப்பில் போட்ட பன்றிக் கொழுப்பு, ஒரு தேக்கரண்டி கடுகுத் தூள், அரை கப் மேப்பிள் பாணி எல்லாம் சேர்த்து, அவித்த தண்ணீரையே சுடச்சுட பீன்ஸ் மூடுமட்டும் ஊற்றி மூடி, ஓவனில் 250 டிகிரி ஃபாரன்ஹீட்டில் ஆறு மணி நேரம் விட்டுவிடுங்கள். இடையிடையே பார்த்து, வற்றினால் சுடுதண்ணீர் விடவேண்டும். கடைசி ஒரு மணி நேரம் மூடியை எடுத்துவிட்டால் மேலே கருஞ்சிவப்பாக ஒரு ஆடை கட்டும், எங்கள் வீட்டில் சண்டை அதற்குத்தான்.

பன்றி சாப்பிடாதவர்கள் வெண்ணெயில் வெங்காயத்தை நன்றாகச் சிவக்க வதக்கிப் போடலாம், உப்பைக் கொஞ்சம் கூட்டவேண்டும். பன்றிக் கொழுப்பில்லாமல் அது கியூபெக் பீன்ஸே இல்லை என்று சொல்கிறவர்கள் இருக்கிறார்கள், சொல்லட்டும். காட்டில் மரம் வெட்டியவர்களின் முகாம்களில் பெரிய பானைகளில் வெந்த சாப்பாடு இது. இப்போதும் மார்ச், ஏப்ரலில் மேப்பிள் சாறு காய்ச்சுகிற கொட்டில்களுக்குப் போனால் முட்டையோடும் ஹாமோடும் இதைத்தான் வைப்பார்கள். பொஸ்டன் பக்கம் மேப்பிளுக்குப் பதில் மொலாசஸ் என்ற கருங்கரும்புப் பாகை ஊற்றுவார்கள், எனக்கு அது கொஞ்சம் கசப்பு.

உங்கள் படத்தில் இருக்கிற போத்தலைப் பற்றியும் சொல்லவேண்டும். அது மேப்பிளே இல்லை, சோளப் பாணியில் நிறமும் வாசமும் சேர்த்தது. நல்ல மேப்பிள் பாணி நம் ஊர்க் கித்துள் பாணி மாதிரி, மரத்தில் வடிகிற சாற்றை வற்றக் காய்ச்சுவது, ஒரு லீற்றருக்கு ஏறக்குறைய 40 லீற்றர் சாறு வேண்டும், விலையும் அதனால்தான். அதற்காக வெளிர்பொன் நிறத்தில் இருக்கிற விலை கூடியதை இதற்கு ஊற்றாதீர்கள், அந்த மெல்லிய வாசம் ஓவனில் காணாமல் போய்விடும். கருநிறப் பாணிதான் இதற்குச் சரி.

போத்தல் விஷயத்தை விட்டாலும் விடுங்கள், அடுத்த இதழில் சிவப்பு பீன்ஸ் என்ற வரியை எடுத்து, முதலில் கொதிக்கவைக்கவேண்டும் என்பதை மட்டும் ஒரு சின்னப் பெட்டியிலாவது போட்டுவிடுங்கள்.

இப்படிக்கு,
மொன்றியல் வாசகர் ஒருவர்