இருக்கும்போதே எழுதுங்கள்

ஆசிரியருக்கு வணக்கம்.

உங்கள் ஞாயிறு இணைப்பில் வரும் மேற்கத்திய இசைக் கட்டுரைகளை ஒன்று விடாமல் படிப்பவன் நான். பெரும்பாலும் யாராவது காலமான பிறகுதான் அவருக்கு அரைப்பக்கம் கிடைக்கிறது. ஸ்பார்க்ஸ் என்ற அமெரிக்க பாப் இசைக் குழுவைப் பற்றி இப்போதே எழுதுங்கள் என்று கேட்கத்தான் இந்தக் கடிதம்.

அந்தக் குழுவை நடத்தும் ரான், ரஸ்ஸல் இருவரும் லாஸ் ஏஞ்சலிஸைச் சேர்ந்த அண்ணன் தம்பி. அண்ணன் பாட்டெழுதி கீபோர்டு வாசிப்பார், தம்பி பாடுவார். 1971இல் வந்த முதல் ஆல்பம் சொந்த நாட்டில் பெரிதாக எடுபடவில்லை, 1973இல் இங்கிலாந்துக்குக் கிளம்பிப் போனார்கள், மறு வருடமே 'கிமோனோ மை ஹவுஸ்' ஆல்பத்தின் முதல் பாட்டு அங்கே தரவரிசையில் 2ஆம் இடம்வரை ஏறிவிட்டது. நடுவில் துப்பாக்கி வெடிக்கிற சத்தம், அதற்கு மேலே கூரையைத் தொடுகிற மாதிரி ரஸ்ஸலின் குரல்! அதே பாணியில் பத்து வருடம் ஓட்டியிருக்கலாம். ஆனால் 1979இல் கிட்டாரை ஓரங்கட்டிவிட்டு இத்தாலிய இசைத் தயாரிப்பாளர் ஜார்ஜியோ மொரோடருடன் சேர்ந்து முழுக்க எலக்ட்ரானிக் இசைக்குப் போய்விட்டார்கள்.

மேடையில் ரானைப் பார்க்க வேண்டும். தம்பி துள்ளிக் குதிக்க, இவர் கல் மாதிரி உட்கார்ந்து கூட்டத்தையே முறைத்துக்கொண்டிருப்பார். கீபோர்டில் 'ரோலண்ட்' என்ற கம்பெனிப் பெயரின் எழுத்துகளை இடம் மாற்றி 'ரொனால்ட்' என்று தன் பெயராக்கி வைத்திருப்பார். அப்புறம் திடீரென எழுந்து வந்து சில நொடிகள் ஒரு ஆட்டம் போட்டுவிட்டு, ஒன்றுமே நடக்காத மாதிரி திரும்பப் போய் உட்கார்ந்துவிடுவார். எத்தனை தடவை பார்த்தாலும் எனக்கு அலுக்கவில்லை.

2008இல் லண்டனில் 21 இரவுகள், இரவுக்கு ஒரு ஆல்பம் என்று அதுவரை போட்ட 21 ஆல்பங்களையும் முழுசாக வாசித்தார்கள். பல வருடமாகத் தொடாத பாட்டையெல்லாம் மறுபடி பயிற்சி எடுத்திருக்கிறார்கள், அந்த உழைப்பை நினைத்தாலே மலைப்பாக இருக்கிறது. 'அனெட்' படத்துக்குக் கதையும் இசையும் இவர்களுடையதுதான், அந்த இசைக்கு பிரான்சின் சேசார் திரைப்பட விருது கிடைத்தது. 2025இலும் புது ஆல்பம் வந்தது.

ரான் பிறந்தது 1945இல், ரஸ்ஸல் மூன்று வயது இளையவர். ஒரு முழுப்பக்கம் ஒதுக்குங்கள் சார், கூடவே ரான் ஆடுகிற படம் ஒன்றையும் போடுங்கள்.

அன்புடன்,
ஒரு வாசகன்,
திருச்சி