ஹென்னி போர்ட்டனை மறக்கலாமா?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

மௌனப் படங்களைப் பற்றிய தங்கள் கட்டுரையில் ஜெர்மன் நடிகை ஹென்னி போர்ட்டன் இடம்பெறாதது, ஏவி.எம். ஸ்டூடியோ ஒரு காலத்தில் இயங்கிய ஊரைச் சேர்ந்த எனக்குப் பெருங்குறையாகவே பட்டது. 1890இல் மாக்டெபர்க்கில் பிறந்து, 1906இல் ஜெர்மன் சினிமா முன்னோடி ஆஸ்கர் மெஸ்ட்டரின் குறும்படங்களில் நடிக்கத் தொடங்கி, ஜெர்மானியர் கொண்டாடிய நட்சத்திரமாக உயர்ந்தவர் அவர். மரண தண்டனைக்கு ஆளான இங்கிலாந்து அரசியாக அவர் நடித்த, லூபிட்ஷ் இயக்கிய 'அன்னா போலின்' (1920) படத்தை எங்கள் வீட்டுப் பட்டாலையில் கைப்பேசியில் பார்த்துக்கொண்டிருந்தபோது, ஜெர்மன் எழுத்து ஒன்றும் அறியாத என் அப்பத்தா, அந்த முகத்தை மட்டுமே உற்றுப் பார்த்துவிட்டு, "பாவம், இந்தப் பொண்ண என்னமோ செய்யப் போறாக" என்றார். யூதரான தம் கணவரை விவாகரத்து செய்ய மறுத்ததால் நாஜி ஆட்சியில் பட வாய்ப்புகளை இழந்தபோதும் ஹென்னி போர்ட்டன் உறுதி குலையவில்லை. அவரைப் பற்றித் தனிக் கட்டுரை ஒன்று வெளியிடுமாறு வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
வாசகர், காரைக்குடி